தெரியாத பெண்ணிடம் பேசுவதே தப்பா?

கேள்வி: எனக்கு 27 வயது. சொந்த ஊர் திண்டிவனம் பக்கம். கிண்டியில் ஒரு கம்பெனியில் வேலை. தினமும் காலையில் தாம்பரத்தில் புறப்படும் லோக்கல் ரயிலில் போகிறேன். நான்கு மாதமாக அதே ரயிலில், அதே பொதுப் பெட்டியில், குரோம்பேட்டையில் ஒரு பெண் ஏறுகிறார். கிண்டியைத் தாண்டிப் போகிறவர். ஒருநாள் பழவந்தாங்கல் தாண்டி ரயில் நடுவழியில் நின்றபோது, “என்னங்க, சிக்னலா?” என்று என்னிடம் கேட்டார். “ஆமாங்க” என்றேன். சிரித்தார். இதுவரை நடந்தது அவ்வளவுதான்.

அவரோடு பேச வேண்டும் என்று ஆசையாக இருக்கிறது. ரூமில் ஒருவன், “பேசினேன்னா வீடியோ எடுத்துப் போட்டுருவாங்க, வேலையே போயிடும்” என்கிறான். இன்னொருவன், “அவ இறங்குற ஸ்டேஷன்ல இறங்கு, எந்த ஆபீஸ்னு பாரு. விடாம வர்றவனைத்தான் பொண்ணுங்களுக்குப் பிடிக்கும்” என்கிறான். என் சித்தப்பா, சித்தியின் பஸ்ஸுக்குப் பின்னாலேயே ஆறு மாதம் சைக்கிளில் போன கதையை இன்றும் பெருமையாகச் சொல்வார். அந்தப் பெண்ணின் கழுத்தில் தொங்கிய ஐடி கார்டில் பெயரைப் பார்த்து, இன்ஸ்டாகிராமில் தேடி, அவர் பக்கத்தைக் கண்டுபிடித்துவிட்டேன். ரிக்வெஸ்ட் கொடுக்கவில்லை, ஆனால் தினமும் பார்க்கிறேன். தெரியாத பெண்ணிடம் பேசுவதே இப்போது தப்பா மேடம்? ஆப்பில் மட்டும்தான் பழக வேண்டுமா? சித்தப்பா காலத்தில் இருந்த தைரியம் எங்களுக்கு இல்லையா?

– பெயர் வெளியிட விரும்பாத வாசகர், தாம்பரம்

பதில்:

அன்புள்ள தம்பிக்கு,

பேசுவது தப்பில்லை. ஒருவரைப் பார்த்துப் பழகிப் பிடித்துப்போவதும் தப்பில்லை. உங்கள் எழுத்தில் ஏதோ குற்றம் செய்துவிட்டது போன்ற ஒரு தயக்கம் தெரிகிறது. அதனால் இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் போகிற போக்கில் நீங்கள் எழுதிய ஒரு விஷயம் என்னை உறுத்துகிறது. அதிலிருந்தே ஆரம்பிக்கிறேன்.

அந்த ஐடி கார்டு.

ஒருநாள் சாயங்காலம் ஆறரை மணிக்குக் கிண்டி ஸ்டேஷன் வாசலில் நின்று கவனியுங்கள். ஆபீஸ் விட்டு வரும் ஆண்களில் பலருக்குக் கழுத்தில் கார்டு அப்படியே தொங்கிக்கொண்டிருக்கும். டீக்கடையில் நிற்கும்போதும் தொங்கும், வீடு வரைக்கும் தொங்கும். பெண்கள் பலர் ரோட்டுக்கு வந்ததுமே அதைக் கழற்றி, நாடாவைக் கார்டு மேலேயே இரண்டு சுற்றுச் சுற்றி, கைப்பையின் உள் ஜிப்பில் போட்டுவிடுவார்கள். யாரும் சொல்லிக்கொடுத்த பழக்கம் இல்லை. தன் பெயரும் கம்பெனியும் முன்பின் தெரியாத ஓர் ஆளுக்குத் தெரிந்தால் அது எங்கே போய் முடியும் என்று அவர்களுக்குத் தெரியும். அந்தப் பெண் ஒருநாள் கழற்ற மறந்துவிட்டார். அல்லது அந்தப் பெட்டியில் தினமும் பார்க்கிற முகங்கள்தானே என்று நம்பிக் கழற்றாமல் இருந்திருக்கிறார்.

இப்போது அவரைப் பற்றி உங்களுக்கு நிறையத் தெரியும். எந்தக் கோயிலுக்குப் போனார், அக்கா குழந்தைக்கு எப்போது பெயர் வைத்தார்கள், போன மாதம் யாரோடு எந்தக் கடற்கரையில் நின்றார். அவருக்கு உங்களைப் பற்றி என்ன தெரியும்? சிக்னல் விழாத ஒரு காலையில் “ஆமாங்க” என்று சொன்ன ஓர் ஆள். நீங்கள் நாளைக்குப் பேசப்போனாலும் உங்களுக்குத் தெரிந்ததெல்லாம் தெரியாததுபோல் நடிக்க வேண்டியிருக்கும். என்றைக்காவது வாய் தவறி ஒன்று வெளியே வந்தால், அந்த நொடியில் அவர் முகம் மாறும். தேடிப் பார்த்திருக்கிறானே, வீடும் தெரியுமோ, ஆபீஸ் வாசலில் வந்து நிற்பானோ என்றுதான் அவர் மனம் ஓடும்.

சட்டத்தையும் சொல்லிவிடுகிறேன். ஒரு பெண் விருப்பமில்லை என்று தெளிவாகக் காட்டிய பிறகும் திரும்பத் திரும்பப் பின்தொடர்வதும் தொடர்புகொள்ள முயல்வதும் குற்றம். அவர் இணையத்தில் என்ன செய்கிறார் என்று கண்காணிப்பதையும் அதே பிரிவில்தான் வைத்திருக்கிறார்கள். 2013இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் சேர்த்த பிரிவு இது. இப்போது அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வந்திருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவில் 78ஆவது பிரிவு. முதல்முறைக்கே மூன்று ஆண்டு வரை சிறைத்தண்டனை கிடைக்கலாம். பொதுவில் கிடக்கும் ஒரு பக்கத்தைப் பார்த்துவிட்டதற்காக உங்களைக் குற்றவாளி என்று நான் சொல்லவில்லை. ஆனால் “தினமும் பார்க்கிறேன்” என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அந்தத் தினமும் என்ற சொல்தான் எனக்குக் கவலை. இன்றைக்கே நிறுத்துங்கள். தேடல் பட்டியலில் இருந்து அந்தப் பெயரை அழித்துவிடுங்கள். இரண்டு வாரம் கை பரபரக்கும், அப்புறம் அடங்கிவிடும்.

சரி, சித்தப்பாவுக்கு வருவோம்.

அவரை நான் குறை சொல்லப்போவதில்லை. அவர் வாலிபராக இருந்த காலத்தில் ஒரு பையன் ஒரு பெண்ணோடு சகஜமாகப் பேச இடமே கிடையாது. வகுப்பில் தனித்தனி வரிசை. நோட்டு கைமாறினாலே வாத்தியார் வீட்டுக்குச் சொல்லிவிடுவார். சென்னையில் 29சி என்றாலே பெண்களைப் பார்க்கப் பையன்கள் ஏறுகிற பஸ் என்று பெயர் இருந்ததற்குக் காரணமும் அதுதான். பெரம்பூரில் இருந்து பெசன்ட் நகர் போகும் வழியில் பெண்கள் கல்லூரிகள் வரும், எனவே படிக்கட்டில் தொங்குவதற்குக் கூட்டம் இருக்கும். ஊர்களில் என்றால் கோயில், டியூஷன், தண்ணீர்க் குழாயடி, டைப்ரைட்டிங் கிளாஸ் வாசல். பேச முடியாத இடத்தில் பின்னால் போவதுதான் பேச்சாக இருந்தது. ஆறு மாதம் வெயிலில் சைக்கிள் மிதித்தால் அதுவே மனசைக் காட்டுவது என்று எல்லோரும் நம்பினார்கள். சினிமாவும் அதையே காட்டியது. முதல் பாட்டில் முறைப்பாள், மூன்றாவது பாட்டில் சிரிப்பாள்.

எனக்கும் ஒரு டைப்ரைட்டிங் கிளாஸ் இருந்தது. 1992. லோயர் பாஸ் செய்துவிட்டு ஹையருக்குப் போய்க்கொண்டிருந்தேன். காலை ஆறரை மணி பேட்ச். எதிர்ப்பக்கம் சைக்கிள் கடை. அங்கே ஒரு பையன் காற்றடிக்கிற பம்பைப் பிடித்துக்கொண்டு நிற்பான். ஒரு வார்த்தை பேசியதில்லை, கேலி செய்ததில்லை. நான் வரும்போது எழுந்து நிற்பான், போனதும் உட்கார்ந்துகொள்வான், அவ்வளவுதான். நான்கு மாதம் கழித்து என் சைக்கிள் கேரியரில், டைப் அடித்த தாள்களுக்கு நடுவே ஒரு கடிதம் இருந்தது. நான் அதைப் படிக்கவே இல்லை, ஏனென்றால் அதை முதலில் எடுத்தது என் அண்ணன். அன்று ராத்திரி வீட்டில் யாரும் என்னை அடிக்கவில்லை, திட்டவும் இல்லை. அப்பா சாப்பிட்டுக்கொண்டே, “நாளையில இருந்து கிளாஸ் வேண்டாம்” என்றார். ஹையர் பரீட்சைக்குப் பணம் கட்டியிருந்தேன். அதோடு முடிந்தது. அவன் எங்கள் அண்ணனிடம் மன்னிப்புக் கேட்டான் என்று பின்னால் கேள்விப்பட்டேன். நல்ல பையனாகவே இருந்திருக்கலாம். என்னிடம் வரும் இளைஞர்களுக்கு இதைத்தான் நான் திரும்பத் திரும்பச் சொல்கிறேன்: அவன் நல்லவனாக இருந்தும் எனக்குக் கிளாஸ் போனது. அவனுக்குக் கடை போகவில்லை.

உங்கள் சித்தி அந்த ஆறு மாதத்தில் பஸ்ஸுக்குள் எப்படி உட்கார்ந்திருந்தார் என்று அவரிடம் யாராவது கேட்டதுண்டா? அடுத்தமுறை ஊருக்குப் போகும்போது, சித்தப்பா இல்லாத நேரமாகப் பார்த்து, மெதுவாகக் கேளுங்கள். எனக்கும் பிடித்திருந்தது என்று அவர் சொன்னால் எனக்குச் சந்தோஷம். ஆனால் இந்தக் கதைகளில் வெற்றி பெற்றவர்கள் மட்டும்தான் இன்றும் கதை சொல்கிறார்கள். சைக்கிளால் படிப்பை விட்ட பெண்களின் கதை கல்யாண வீடுகளில் பேசப்படுவதில்லை.

அந்தக் காலத்துப் பேச்சையே எடுத்துக்கொள்ளுங்கள். சைட் அடிக்கிறது, நூல் விடுறது, ரூட்டு விடுறது, கரெக்ட் பண்றது, மடக்குறது. எல்லாம் சரியாக நடந்தால் கடைசியில், “விழுந்துட்டா.” இவை எல்லாவற்றிலும் செய்கிறவன் ஒருத்தன், செய்யப்படுகிறவள் ஒருத்தி. நான் கல்லூரியில் படித்தபோது அடிக்கடி கேட்ட ஒரே ஒரு சொல்தான் வேறு மாதிரி: கடலை போடுறது. அதற்கு இரண்டு பேர் வேண்டும். ஒருத்தர் மட்டும் உட்கார்ந்து கடலை போட முடியாது. இன்றைய பிள்ளைகள் க்ரஷ் என்கிறார்கள். அது தனக்குள்ளேயே நடக்கிற விஷயம், அடுத்தவரைத் தொடுவதில்லை, அதனால் எனக்கு அந்தச் சொல் பிடிக்கும். கிரிஞ்ச், ரெட் ஃப்ளாக் என்று பெண்கள் ஆண்களை எடைபோடவும் சொற்கள் வந்துவிட்டன. எங்கள் காலத்தில் எங்களுக்கு இருந்தது பொறுக்கி என்ற ஒரு சொல்தான். அதையும் மனசுக்குள் சொல்லிக்கொள்வோம்.

இந்த மாற்றம் தானாக வந்துவிடவில்லை தம்பி. 1998 ஜூலையில் சென்னையில், ஆட்டோவில் வந்த ஒரு கும்பல் ‘கேலி’ செய்ததில் ஒரு கல்லூரி மாணவி கீழே விழுந்து, தலையில் அடிபட்டு இறந்துபோனார். அதற்குப் பிறகுதான் தமிழ்நாட்டில் ஈவ் டீசிங்குக்குத் தனிச் சட்டம் வந்தது. பிறகு அந்தச் சட்டத்தின் பெயரிலேயே ஈவ் டீசிங்கை எடுத்துவிட்டு, பெண்களைத் துன்புறுத்துதல் என்று மாற்றினார்கள். கேலி என்று சொன்னால் விளையாட்டுபோல் ஆகிவிடுகிறது என்பது புரிய ஓர் உயிர் போக வேண்டியிருந்தது. தென்காசி பஸ் நிலையத்தில் நடந்த ஒரு சம்பவத்தின் வழக்கில்தான், 2012 நவம்பரில், பஸ் நிலையம், ரயில் நிலையம் போன்ற இடங்களில் சாதாரண உடையில் பெண் போலீசாரை நிறுத்த வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது.

2016 ஜூனில் நுங்கம்பாக்கம் ரயில் நிலையத்தில், காலையில் வேலைக்குப் போகக் காத்திருந்த ஓர் இளம்பெண் வெட்டிக் கொல்லப்பட்டார். 2022 அக்டோபரில் பரங்கிமலை ரயில் நிலையத்தில் ஒரு கல்லூரி மாணவி ரயிலுக்கு முன்னால் தள்ளிக் கொல்லப்பட்டார். தள்ளியவன் அவரை விடாமல் தொந்தரவு செய்துகொண்டிருந்தவன். “விடாம வர்றவன்” என்று உங்கள் நண்பர் சொன்னாரே, அதன் கடைசி எல்லை அது. பரங்கிமலை நீங்கள் தினமும் தாண்டிப் போகும் ஸ்டேஷன். அவரும் தினமும் அதைத் தாண்டித்தான் போகிறார். பழவந்தாங்கலுக்கு அடுத்து ரயில் நின்றதே, அதற்கு அடுத்து வருவது அந்தப் பிளாட்பாரம்தான். உங்களுக்கு அது கிண்டிக்கு முந்தின ஸ்டேஷன். அவருக்கு அதைத் தாண்டும்போது என்ன ஞாபகம் வருகிறது என்று உங்களுக்குத் தெரியாது. இதைச் சொல்லி உங்களை அந்தக் கொலைகாரனோடு சேர்க்கவில்லை, நிச்சயமாக இல்லை. அவர் இருக்கும் இடத்தில் இருந்து பார்த்தால் நீங்கள் எந்த ரகம் என்று தெரிய வழியில்லை, அதைத்தான் சொல்கிறேன். தெரியாத ஆண் கிட்டே வரும்போது பெண் கணக்குப் போடுவது உங்களை அவமானப்படுத்த அல்ல.

இன்னொரு மாற்றத்தைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. முன்பெல்லாம் ரயிலில் எல்லோரும் எல்லோரிடமும் பேசுவார்கள். பேப்பரின் நடுப்பக்கத்தைக் கேட்டு வாங்குவார்கள். ஒரு மூலையில் சீட்டாட்டம் நடக்கும், இன்னொரு மூலையில் பூ கட்டிக்கொண்டே மாமியார் கதை ஓடும். முறுக்கு விற்கிற அம்மாவுக்கு அந்தப் பெட்டியில் யாருக்கு எத்தனை பிள்ளைகள் என்று தெரியும். அந்தச் சத்தத்துக்கு நடுவில் ஒரு பையன் ஒரு பெண்ணிடம் ஒரு வார்த்தை சொன்னால் அது சும்மா ஒரு வார்த்தை. இன்று பெட்டி முழுக்க இயர்போன். அந்த அமைதியில் யாரிடம் வாய் திறந்தாலும், எதற்காகப் பேசுகிறான் என்று பக்கத்தில் இருப்பவர்கள் நிமிர்ந்து பார்க்கிறார்கள். சாதாரணப் பேச்சு செத்துப்போனதால் எல்லாப் பேச்சும் அணுகுதல் ஆகிவிட்டது. உங்களுடைய பயத்தில் பாதி இதில் இருந்துதான் வருகிறது என்று நினைக்கிறேன்.

ஆப்பில் மட்டும்தானா என்று கேட்டீர்கள். டிண்டர், பம்பிள் மாதிரியான டேட்டிங் ஆப்கள் எல்லாம் செய்தது ஒன்று உண்டு. அங்கே வருகிற இரண்டு பேரும், பேச வரலாம் என்று முன்கூட்டியே கதவைத் திறந்துவைத்திருக்கிறார்கள். 2018 கடைசியில் இந்தியாவுக்கு வந்த பம்பிளில், இருவருக்கும் பொருந்தினால் பெண்தான் முதல் வார்த்தை சொல்ல வேண்டும் என்றுகூட வைத்தார்கள். ரயிலில் அப்படி யாரும் கதவைத் திறந்துவைத்திருக்கவில்லை. அதை ஞாபகம் வைத்துக்கொண்டால் போதும். அதற்காக ஆப்தான் வழி என்று நான் சொல்லமாட்டேன். மாதக்கணக்கில் விரலைத் தள்ளித் தள்ளி, ஒரு பதிலும் வராமல், எனக்கு முகமே சரியில்லை போலிருக்கிறது என்று என் முன்னால் உட்கார்ந்து அழுத பையன்களை நான் பார்த்திருக்கிறேன். முகத்துக்கு நேரே பேசிப் பழகுவதற்கு மாற்று கிடையாது.

வீடியோ பயம்? உங்கள் நண்பர் சொல்வது முழுக்கப் பொய்யில்லை. ஆனால் போனை எடுத்துப் பெண்ணின் நிம்மதியைக் கெடுத்த ஆண்களையும் பார்க்க வேண்டும். பெசன்ட் நகர் கடற்கரையில் மைக்கை நீட்டிப் பெண்களை ஆபாசமாகப் பேசவைத்துக் காசு பார்த்த யூடியூப் சேனல்காரர்களை 2021 ஜனவரியில் போலீஸ் கைது செய்தது. பெண் கையில் இருக்கும் போன் பெரும்பாலும் கடைசி ஆயுதம். ஒரு முறை மரியாதையாகப் பேசிவிட்டு நகர்ந்துகொள்கிறவனை வீடியோ எடுக்க யாருக்கும் நேரமும் இல்லை, தேவையும் இல்லை. அவர் வேண்டாம் என்ற பிறகு நீங்கள் நிற்கிற நேரம்தான் போனை வெளியே எடுக்க வைக்கும்.

இப்போது நீங்கள் என்ன செய்யலாம் என்று சொல்கிறேன்.

முதலில், அந்தப் பெட்டியில் எல்லோரிடமும் பேசுகிறவராக மாறுங்கள். ஜன்னலோரத்துப் பெரியவரிடம் வெயிலைப் பற்றி, நிற்கிறவரிடம் “உட்காருங்க” என்று, சுண்டல் விற்கிறவரிடம் என்ன விலை என்று. இது ஒரு தந்திரமாக அல்ல. நாலு மாதமாக ஒரே ஒருவரை மட்டும் பார்த்துக்கொண்டு நிற்கிறீர்கள். அது உங்களுக்கும் நல்லதில்லை, அவருக்கும் தெரிந்திருக்கும். பெண்களுக்குப் பார்வை தெரியும் தம்பி, முதுகில் பட்டால்கூடத் தெரியும்.

பேச நேர்ந்தால் அவர் போகிற வழியை மறிக்காமல் நில்லுங்கள். கதவுப் பக்கம் அவர் இருந்தால் நீங்கள் உள்பக்கம். சுரங்கப்பாதையிலும், ராத்திரி ரயிலிலும், ஆள் இல்லாத பெட்டியிலும் வேண்டவே வேண்டாம். கடைக் கவுன்ட்டர், வங்கி, ஆஸ்பத்திரி மாதிரி இடங்களில் சிரித்துப் பேசுவது வேலையாக இருக்கும் பெண்களிடமும் வேண்டாம், அவர்களால் எழுந்து போக முடியாது. அவரால் சுலபமாக நகர்ந்துவிட முடிகிற இடத்தில், பத்துப் பேர் இருக்கிற பகலில், ஒரு சின்னப் பேச்சு. “இன்னைக்கும் லேட்டுங்க” என்றால் போதும். சொல்லிவிட்டு நிறுத்துங்கள். நம்பர் கேட்காதீர்கள். அழகாக இருக்கிறீர்கள் என்று சொல்லாதீர்கள். ஒருவரின் உடம்பைப் பற்றி முதல் பேச்சிலேயே பேசினால் அதற்குப் பதில் சொல்ல அவரிடம் ஒரு நல்ல வழியும் இருக்காது.

பிறகு கவனியுங்கள். அவர் திருப்பி ஏதாவது கேட்கிறாரா? “ஆமாங்க, நேத்தும் இப்படித்தான், நீங்க எங்க இறங்குவீங்க?” என்று வந்தால் பேச்சு ஓடுகிறது. வெறும் “ம்ம்” வந்தால், இயர்போன் காதுக்குப் போனால், தோள் திரும்பினால், அதோடு விட்டுவிடுங்கள். சிரிப்பை மட்டும் நம்பாதீர்கள். நம் ஊர்ப் பெண்கள் பயந்தாலும் சிரிப்பார்கள், சங்கடத்திலும் சிரிப்பார்கள், பிரச்சினை வேண்டாம் என்றும் சிரிப்பார்கள். முகத்துக்கு நேரே வேண்டாம் என்று சொன்னால் என்ன நடக்கும் என்ற பயத்தில், சுற்றி வளைத்துச் சொல்வார்கள். “வீட்ல மாப்பிள்ளை பார்த்துட்டு இருக்காங்க.” “நான் போன் அவ்வளவா யூஸ் பண்ண மாட்டேன்.” அப்புறம் இருக்கவே இருக்கிறது, “சரிங்கண்ணா.” அண்ணா என்று கூப்பிட்டுவிட்டால் கதவைச் சாத்தித் தாழ்ப்பாளும் போட்டாயிற்று என்று அர்த்தம். எத்தனையோ பையன்கள் என்னிடம் வந்து, “அண்ணான்னு சொன்னா மேடம், ஆனா சிரிச்சுக்கிட்டே சொன்னா” என்பார்கள். அந்த அண்ணாவை அப்படியே மதித்து நகர்ந்துவிடுங்கள்.

அவர் வீட்டு நிலைமை உங்களுக்குத் தெரியாது என்பதையும் மனதில் வையுங்கள். பல்லாவரத்தில் ஏறுகிற ஒரு மாமா பார்த்துவிட்டால் போதும், அவர் வீடு திரும்புவதற்கு முன்னால் செய்தி போய்விடும். போனை வாங்கிவைப்பார்கள், வேலையை விடச் சொல்வார்கள், அவசரமாக ஒரு வரன் பார்ப்பார்கள். வேறு சாதிப் பையன் என்று தெரிந்தால் வெறும் திட்டோடு நிற்காத வீடுகள் இன்னும் இருக்கின்றன. அங்கே ஆபத்து பையனுக்கும் சேர்த்துத்தான். அதனால் அவர் பேசத் தயங்கினால் உங்களைப் பிடிக்கவில்லை என்பதுதான் காரணம் என்று நினைத்து மனம் ஒடிய வேண்டாம். காரணத்தைத் தெரிந்துகொள்ளும் உரிமையும் உங்களுக்கு இல்லை.

ஒருவேளை பேச்சு நன்றாகவே வளர்ந்தால், நாலைந்து வாரம் அப்படியே போகட்டும். அப்புறம் ஒரே ஒரு முறை, நேராகக் கேளுங்கள். “உங்ககிட்ட பேசுறது எனக்குப் பிடிச்சிருக்குங்க. ஒருநாள் காபி சாப்பிடலாமா? இல்லைன்னாலும் பரவாயில்ல.” இதை ரயில் கிண்டியில் நுழையும்போது சொல்லுங்கள். இறங்குகிறவர் நீங்கள், பயணத்தைத் தொடர்கிறவர் அவர். சொல்லிவிட்டு இறங்கிவிடுங்கள், பதிலுக்குக் காத்திருக்காதீர்கள். உங்கள் முகத்தைப் பார்த்துக்கொண்டே யோசிக்க வேண்டிய கட்டாயம் அவருக்கு இருக்காது. மீதி ஸ்டேஷன்கள் முழுக்க அவருடைய நேரம்.

என்னிடம் ஆலோசனைக்கு வந்த ஒரு பெண்ணின் நினைவு வருகிறது. அவர் ரயிலில் ஒருவர் தினமும் “குட் மார்னிங்” சொல்வார். வேறு ஒன்றும் இல்லை. அந்தப் பெண் பதில் சொல்லாமல் விட்ட பிறகும் அந்த ஆள் சொல்லிக்கொண்டே இருந்தார். அந்தப் பெண் நாற்பது நிமிடம் முந்தின ரயிலுக்கு மாறிவிட்டார். காலைச் சாப்பாடு போயிற்று. ஆபீஸ் திறப்பதற்கு முன்னால் போய், வாட்ச்மேன் நாற்காலிக்குப் பக்கத்துப் படியில் உட்கார்ந்து டிபன் டப்பாவைத் திறப்பார். ஏழு மாதம் அப்படி. அந்த “குட் மார்னிங்” மனிதருக்கு இன்றுவரை இது தெரிந்திருக்காது. தான் ஒன்றுமே செய்யவில்லை என்றுதான் நினைத்துக்கொண்டிருப்பார்.

உங்கள் விஷயத்தில் அவர் வேண்டாம் என்று சொன்னால், “சரிங்க” என்று சொல்லுங்கள். அந்த ஒரு வார்த்தை போதும், விளக்கம் கேட்க வேண்டாம். அவர் ஒன்றுமே சொல்லாமல் மறுநாள் அந்தப் பெட்டியில் இல்லையென்றால் அதுவும் பதில்தான். பக்கத்துப் பெட்டிகளில் எட்டிப் பார்க்காதீர்கள். அதற்கு அடுத்த நாளில் இருந்து நீங்கள் வேறு பெட்டியில் ஏறுங்கள், முடிந்தால் வேறு ரயிலில். ரயில் புறப்படுவதே தாம்பரத்தில் என்பதால் உங்களுக்கு எந்தப் பெட்டியிலும் உட்கார இடம் கிடைக்கும். குரோம்பேட்டையில் ஏறுகிறவருக்கு நிற்க இடம் கிடைத்தாலே பெரிது. அந்தப் பெட்டியை அவருக்கே விட்டுவிடுங்கள்.